பள்ளி நிரந்தரம்! ஆசிரியர் மட்டும் தற்காலிகமா?

(ஆவடிப் பொதுக்கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

ஆவடி, அரசியல் ஏட்டிலே இடம்பெற்ற ஊர். 1955ஆம் ஆண்டு ஜனவரித் திங்களில் இந்த மண்ணிலேதான் காங்கிரஸ் மாநாடு கூடிற்று. தேபர் தலைமை தாங்கினார். நேரு பண்டிதர் முழங்கினார். 'சோஷலிச பாணி' சமுதாயம் அமைப்பதே குறிக்கோள் என்று தீர்மானம் நிறைவேற்றினர். பந்தலைப் பிரித்தனர், கூட்டம் கலைந்தது, தீர்மானம் ஏட்டிலே தங்கிற்று. பின்னர் இங்கே டாங்கி செய்யும் தொழிற்சாலை எழுந்தது. பக்கத்து அம்பத்தூரிலே தொழிற்பேட்டை பரந்தது. வயல்கள் ஆலைகளாயின, ஏரிக்கரைகள் குடியிருப்புகளாயின.

சமத்துவம் பேசிய ஊரிலே நின்று சமத்துவத்தை உரைத்துப் பார்க்க ஓர் உரைகல் போதும். ஒரே வேலை செய்கின்ற இருவருக்கு ஒரே ஊதியம் உண்டா? பல்லாண்டு உழைத்தவனுக்கு நாளையும் வேலை உண்டு என்ற உறுதி உண்டா? இந்தக் கேள்வியை அம்பத்தூர் ஆலை வாயிலில் ஒருமுறை கேட்போம். ஆவடியிலோ பூந்தமல்லியிலோ உள்ள அரசுப் பள்ளியின் வாயிலில் மற்றொரு முறை கேட்போம்.

பட்டம் பெறாதவன் சட்டம் பேச வந்துவிட்டானே என்று எவரும் எண்ண வேண்டாம். கல்லூரியைப் பாதியிலே விட்டவன்தான் நான். ஆனால், சட்டம் வக்கீல்களின் வீட்டுச் சொத்தல்ல. அது நம் பெயரால் எழுதப்பட்டது. நம் தலையிலே செலுத்தப்படுவது. அதைப் படிக்க நமக்கு உரிமை உண்டு, கடமையும் உண்டு.

இரண்டு வாயில்கள்

1981ஆம் ஆண்டு தமிழக சட்டமன்றம் ஒரு சட்டம் இயற்றிற்று. தொழில் நிறுவனங்களில் பணியாற்றும் தொழிலாளருக்கு நிரந்தரத் தகுதி வழங்கும் சட்டம் அது. இருபத்து நான்கு மாத காலத்திற்குள் 480 நாள் தொடர்ந்து வேலை செய்துவிட்டால், அந்தத் தொழிலாளி நிரந்தரத் தொழிலாளி! முதலாளியின் கருணையால் அல்ல, மேலாளரின் புன்னகையால் அல்ல, சட்டத்தின் வலிமையால்! ஏட்டிலே உள்ளதெல்லாம் ஆலையிலே நடந்துவிடுகிறது என்று நான் கூறவில்லை. 479ஆம் நாள் கணக்கை முடித்து ஆளை வெளியே அனுப்பும் வித்தை அறிந்த முதலாளிகள் உண்டு. ஆயினும், வழக்காடுவதற்கு அந்தத் தொழிலாளியின் கையிலே ஓர் எண் இருக்கிறது. 480! அது அவனுடைய வாள். அதுவே அவனுடைய கேடயம்.

இனி, பள்ளி வாயிலுக்கு வாருங்கள். உள்ளே ஓவியம் கற்பிக்கிறார் ஒருவர். உடற்பயிற்சி தருகிறார் மற்றொருவர். தையலும் இசையும் கணினியும் கற்பிக்கிறார்கள் வேறு சிலர். 'பகுதிநேர ஆசிரியர்' என்பது அவர்களுக்குச் சூட்டப்பட்ட பெயர். 480 நாளல்ல தோழர்களே, பத்தாண்டும் அதற்கு மேலும் பணியாற்றியும் அவர்கள் தற்காலிகம்!

'ஏன், அந்த 1981ஆம் ஆண்டுச் சட்டம் இவர்களுக்கும் பொருந்தாதோ?' என்று கேட்பீர்கள். பொருந்தாது. ஆசிரியர், சட்டத்தின் கண்ணிலே தொழிலாளி அல்ல. 1988ஆம் ஆண்டு சுந்தராம்பாள் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதைத் தெளிவாகக் கூறிவிட்டது. ஆசிரியப் பணி உயர்ந்த தொண்டு. அதை உடலுழைப்பு என்றோ, எழுத்தர் வேலை என்றோ வகைப்படுத்த இயலாது. ஆகவே தொழில் தகராறுச் சட்டத்தின்படி ஆசிரியர் தொழிலாளியாகமாட்டார் என்பது தீர்ப்பு. புகழ்ந்தார்கள் தோழர்களே! புகழ்ந்து, மாலை சூட்டி, வாயிலுக்கு வெளியே நிறுத்தினார்கள்!

யார் இவர்கள்?

2009ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம், ஆறு முதல் எட்டு வரையுள்ள வகுப்புகளில் நூறு பிள்ளைகளுக்கு மேல் பயிலும் பள்ளியில் ஓவியம், உடற்கல்வி, தொழிற்கல்வி ஆகியவற்றுக்குப் பகுதிநேரப் பயிற்றுநர் இருக்கவேண்டும் என்று தன் அட்டவணையிலே கூறுகிறது. அதன்படி 2011 நவம்பரில் தமிழக அரசு ஆணை பிறப்பித்தது. 2012இல் 16,549 பேர் பணியிலே அமர்ந்தனர். வாரத்திலே மூன்று அரைநாள். மாதம் 5,000 ரூபாய். 2014இல் அது 7,000 ஆயிற்று, 2017இல் 7,700, 2021இல் 10,000, 2024 ஜனவரியில் 12,500. இடையிலே சிலர் இறந்தனர்; சிலர் ஓய்வு வயதை எட்டினர்; சிலர் வேறு பிழைப்பு தேடினர். எஞ்சி நின்றவர்கள் ஏறத்தாழ 12,000 பேர்.

நியமித்தது அ.தி.மு.க. ஆட்சி. நிரந்தரமாக்குவோம் என்று 2021ஆம் ஆண்டுத் தேர்தல் அறிக்கையிலே 181ஆம் எண்ணிட்டு எழுதியது தி.மு.க. 2023 செப்டம்பர் இறுதியில் சென்னைக் கல்லூரிச் சாலையிலே, கல்வித்துறை வளாகத்திலே, அந்த எழுத்தை நினைவூட்டி இவர்கள் அமர்ந்தார்கள். அக்டோபரிலே 2,500 ரூபாய் ஏற்றித் தருவதாக அறிவிப்பு வந்தது. அடுத்த நாள் காவல்துறையின் வண்டியும் வந்தது. ஊதியத்தின் எண் மாறிற்று. 'பகுதிநேரம்' என்ற சொல் அன்று மாறவில்லை.

மற்றொரு கொடுமையைக் கேளுங்கள். ஆண்டுக்குப் பன்னிரண்டு மாதம் என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பது பள்ளிக்கூடம். அந்தப் பள்ளிக்கூடத்திலே இவர்களுக்கு மட்டும் ஆண்டு பதினொரு மாதம்! மே மாதத்திற்கு ஊதியம் இல்லை என்று ஆண்டுக்கணக்கில் நடத்தினர். பள்ளி மூடியிருக்கிறதாம். பள்ளி மூடும், பசி மூடுமா? வீட்டுக்காரர் வாடகையை விட்டுவிடுவாரா? பன்னிரண்டு வேனிற்காலம் இப்படிக் கழிந்தால், பன்னிரண்டு மாத ஊதியம் போயிற்று. அதாவது, ஓர் ஆண்டின் ஊதியம் முழுவதும்!

ஒரு காட்சி

நாடகம் எழுதுகிறவன் ஆதலால் ஒரு காட்சியைக் கற்பனை செய்து காட்டுகிறேன். மே மாதப் பகற்பொழுது. அம்பத்தூர் தொழிற்பேட்டை அருகே ஒரு கடையின் வாயில். ஏணி மீது நின்று பெயர்ப்பலகை எழுதுகிறார் ஓர் ஓவிய ஆசிரியர். ஆலை முடிந்து வருகிறான் ஓர் இளைஞன், அவரிடம் படித்தவன்.

இளைஞன்: சார், வணக்கம்! நீங்களா இங்கே?

ஆசிரியர்: வா தம்பி, நலமா? விடுமுறை அல்லவா, சும்மா இருப்பானேன் என்று...

இளைஞன்: விடுமுறை என்றால் ஓய்வு எடுப்பார்களே, சார்!

ஆசிரியர்: சம்பளத்தோடு கிடைத்தால்தானப்பா அது விடுமுறை. எனக்கு இது வேலை இல்லாத மாதம். உன் பாடு எப்படி? வேலை உறுதியாயிற்றா?

இளைஞன்: ஆயிற்று சார். 480 நாள் கணக்கைக் காட்டிச் சங்கத்தார் போராடினார்கள். போன ஆண்டு உத்தரவு வந்துவிட்டது. உங்களுக்கு எத்தனை நாள் கேட்கிறார்கள்?

ஆசிரியர் பதில் கூறவில்லை. தூரிகையை வண்ணத்திலே தோய்த்து, விட்ட இடத்திலிருந்து எழுதத் தொடங்குகிறார்.

எத்தனை நாள்? எவரேனும் ஓர் எண் சொல்லுங்கள் என்றுதான் கேட்கிறோம். ஆயிரம் நாளா? சொல்லுங்கள்! ஐயாயிரம் நாளா? அதையேனும் சொல்லுங்கள்! எண் இல்லாத காத்திருப்புக்கு என்ன பெயர்?

பகுதிநேரத்தார் மட்டுமா?

இந்த நோய் ஓரிடத்தில் மட்டும் தோன்றியதன்று. 2022ஆம் ஆண்டு அரசுப் பள்ளிகளில் 13,331 ஆசிரியர் இடங்கள் காலியாக இருந்தன. அவற்றைப் பள்ளி மேலாண்மைக் குழு வழியே தற்காலிகமாக நிரப்ப ஆணை பிறந்தது. இடைநிலை ஆசிரியருக்கு மாதம் 7,500, பட்டதாரிக்கு 10,000, முதுகலைப் பட்டதாரிக்கு 12,000 ரூபாய். கல்லூரிக்குச் சென்றாலோ 'கௌரவ விரிவுரையாளர்'! 2019இல் பல்கலைக்கழக மானியக் குழு, வருகைதரு ஆசிரியருக்கு ஒரு வகுப்புக்கு 1,500 ரூபாய், மாதம் 50,000 வரை தரலாம் என்று வரையறுத்தது. தமிழகத்திலே அதற்குப் பின்னரும் 20,000 தான், பிறகு 25,000. பெயரிலே கௌரவம்! பையிலே பாதி!

கடல் கடந்து ஈழத்தைப் பாருங்கள். போர்க்காலத்திலே பள்ளிகள் மூடப்படாமல் காத்த 'தொண்டர் ஆசிரியர்கள்', போர் முடிந்த பின்னும் நிரந்தர நியமனம் கேட்டு வடக்கிலே போராட வேண்டியிருந்தது. தொண்டு என்ற சொல்லைத் தமிழன் உயர்வாக எண்ணுகிறான் என்பதற்காக, அந்தச் சொல்லுக்குள்ளே கூலியைப் புதைப்பதா?

ஊதியத்துக்கு நீதிமன்றம் திறந்த கதவு

இனி, சட்டத்துக்கு வருவோம். இரண்டு உரிமைகளை நாம் தனித்தனியே பிரித்தறிய வேண்டும். ஒன்று, முறையான ஊதியம். மற்றொன்று, நிரந்தரப் பணி. இரண்டுக்கும் கதவு வேறு. முதற்கதவை நீதிமன்றமே திறந்து வைத்திருக்கிறது. இரண்டாவது கதவின் சாவி பெரும்பாலும் கோட்டையிலே இருக்கிறது.

அரசியல் சட்டத்தின் 39ஆம் பிரிவு, சம வேலைக்குச் சம ஊதியம் என்பதை அரசு பின்பற்ற வேண்டிய நெறியாகக் கூறுகிறது. வழிகாட்டும் நெறிதானே, வழக்காட முடியாதே என்று கைவிரித்து வந்தனர். 1982இல் டெல்லிக் காவல்துறையின் ஓட்டுநர் ரந்தீர் சிங் வழக்காடினார். சமத்துவம் கூறும் 14, 16ஆம் பிரிவுகளோடு சேர்த்துப் படித்தால் இந்த நெறி வெறும் அலங்காரமன்று, கேட்டுப் பெறத்தக்கது என்று உச்ச நீதிமன்றம் கூறிற்று.

1985இல் அரியானாவின் தற்காலிக ஆசிரியர்கள் ரத்தன் லால் வழக்கிலே நியாயம் கேட்டனர். பள்ளி திறக்கும்போது நியமனம். கோடை விடுமுறைக்கு முன்னே நீக்கம். மீண்டும் திறக்கும்போது மீண்டும் நியமனம்! விடுமுறை ஊதியத்தை மிச்சம் பிடிக்கும் அந்தத் தந்திரத்தை உச்ச நீதிமன்றம் வன்மையாகக் கண்டித்தது; கோடை விடுமுறைக் காலத்துக்கும் ஊதியம் தர ஆணையிட்டது; காலியிடங்களை முறைப்படி நிரப்பவும் கட்டளையிட்டது. 1985ஆம் ஆண்டிலேயே அரியானாவில் தவறென்று தீர்ப்பான ஒன்று, பின்வந்த ஆண்டுகளில் ஆவடியில் எப்படிச் சரியாயிற்று என்று கேளுங்கள்!

2016ஆம் ஆண்டு அக்டோபர் 26ஆம் நாள் வந்தது ஜக்ஜித் சிங் தீர்ப்பு. நீதிபதிகள் கேஹரும் பாப்டேயும் அளித்தது. நிரந்தர ஊழியர் செய்யும் அதே பணியைச் செய்கின்ற தற்காலிக ஊழியருக்கு, அந்தப் பணிக்குரிய ஊதிய விகிதத்தின் குறைந்தபட்சத்தை அளித்தே தீரவேண்டும் என்பது அதன் சாரம். அதைவிடச் சிறந்தது அவர்கள் கூறிய காரணம். குறைந்த கூலிக்கு எவரும் மனமுவந்து வருவதில்லை; குடும்பத்துக்குச் சோறும் கூரையும் வேண்டும் என்பதால் தன் சுயமரியாதையையும் கண்ணியத்தையும் விலையாகக் கொடுத்து வருகிறார் என்ற கருத்து அந்தத் தீர்ப்பிலே இருக்கிறது. சுயமரியாதை! தமிழ்நாட்டிலே ஒரு நூற்றாண்டாக ஊர்தோறும் ஒலித்த சொல், டெல்லி மன்றத்தின் தீர்ப்பிலே சட்டக் காரணமாக நின்றது!

2025 ஆகஸ்டில், குஜராத் அரசுக் கல்லூரிகளில் மாதம் 30,000 ரூபாய்க்கு ஒப்பந்தத்தில் உழைத்த உதவிப் பேராசிரியர்களுக்கும் அந்தப் பதவிக்குரிய ஊதிய விகிதத்தின் குறைந்தபட்சத்தை வழங்க உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. விழா மேடையிலே குருவைத் தெய்வமென்று துதித்தால் போதாது, நாடு ஆசிரியரை நடத்தும் முறையிலே அது தெரிய வேண்டும் என்று இடித்தும் உரைத்தது.

ஆனால், ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். 'அதே வேலை' என்பதை மெய்ப்பிக்கும் பொறுப்பு கேட்பவர் மீதே இருக்கிறது. வாரத்தில் மூன்று அரைநாள் என்று ஆணையிலே எழுதியிருக்கும்போது, முழு ஊதியம் கேட்டால் அரசு வழக்கறிஞர் அந்தத் தாளைத்தான் காட்டுவார். ஆகவே, ஆணையிலே எழுதிய நேரம் எவ்வளவு, பள்ளியிலே வாங்கிய வேலை எவ்வளவு என்பதற்கு ஏடு வேண்டும். அதைப் பிறகு கூறுகிறேன்.

நிரந்தரத்துக்குக் குறுக்கே நின்றது எது?

2006ஆம் ஆண்டு ஏப்ரல் 10ஆம் நாள், ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சட்ட அமர்வு, கர்நாடக அரசுக்கும் உமாதேவி என்பாருக்கும் இடையிலான வழக்கிலே தீர்ப்பளித்தது. தற்காலிகமாகப் பணியாற்றினார் என்பதனாலேயே ஒருவருக்கு நிரந்தரம் கேட்கும் உரிமை பிறந்துவிடாது. நீதிமன்றங்கள் அப்படி ஆணையிடவும் கூடாது என்றது. அன்று முதல், எந்தத் தற்காலிக ஊழியர் வாய் திறந்தாலும் அதிகாரிகள் 'உமாதேவி!' என்று ஒரு சொல் சொல்லிக் கோப்பை மூடிவிடுவது வழக்கமாயிற்று.

அந்தத் தீர்ப்பின் காரணத்தை நாம் பழிக்கக் கூடாது தோழர்களே! கொல்லைப்புற வழியிலே வேண்டியவரை நுழைத்துவிட்டு, சில ஆண்டு கழித்து நிரந்தரமாக்கிவிட்டால், வேலைவாய்ப்பு அலுவலகத்திலே பதிந்து காத்திருக்கும் ஏழைப்பிள்ளை என்னாவான்? வகுப்புரிமைச் சுழற்சி என்னாவது? இடஒதுக்கீட்டுக்காகப் போராடிய மண்ணிலே பிறந்தவர்கள் நாம். கொல்லைப்புறக் கதவை நாம் ஆதரிக்க முடியாது.

ஆனால், அதே தீர்ப்பு முறைகேடான நியமனத்தையும், முறையிலே சிறு குறையுள்ள நியமனத்தையும் வேறு வேறாகப் பிரித்தது. ஒப்பளிக்கப்பட்ட பணியிடத்தில், தகுதியுள்ளவராக, நீதிமன்றத் தடையாணையின் துணையின்றிப் பத்தாண்டு பணியாற்றியவர்களை ஒருமுறை நடவடிக்கையாக நிரந்தரமாக்க வேண்டும் என்றும் சொல்லிற்று. அந்தப் பக்கத்தை அதிகாரிகள் புரட்டுவதில்லை! அதனால்தான் 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கிலும், 2025 ஆகஸ்டில் தரம் சிங் வழக்கிலும் உச்ச நீதிமன்றமே கண்டித்துக் கூற நேர்ந்தது: உமாதேவி தீர்ப்பு உழைப்பவரைச் சுரண்டுவதற்குரிய கேடயமன்று, நிரந்தரமான வேலைக்கு ஆண்டாண்டாகத் தற்காலிக ஆளை வைத்திருப்பது அரசுக்கு அழகன்று, நிதி நெருக்கடி என்பது நியாயத்தை வெல்லும் மந்திரச் சொல்லன்று.

அப்படியானால் தடை எங்கே இருக்கிறது? 'பணியிடம்' என்ற ஒரு சொல்லிலே இருக்கிறது. இவர்கள் அமர்ந்திருப்பது ஒப்பளிக்கப்பட்ட பணியிடத்திலே அல்ல, ஒரு திட்டத்திலே! திட்டத்துக்கு ஒன்றிய அரசு பங்கு தருகிறது, மாநில அரசு பங்கு தருகிறது. 2024-25ஆம் ஆண்டிலே, தேசியக் கல்விக் கொள்கையின் வழிப்பட்ட பி.எம்.ஸ்ரீ திட்டத்துக்குத் தமிழகம் கையெழுத்திடவில்லை என்பதற்காக, 2,152 கோடி ரூபாயை ஒன்றிய அரசு விடுவிக்கவில்லை என்பதை நாடறியும். மொழிக்கொள்கையை விட்டுக்கொடு, பணம் தருகிறேன் என்ற பேரத்திலே, பணயப்பொருள் யார்? திட்டத்தின் பெயரால் ஊதியம் பெறும் ஆசிரியர்! பணியிடம் இல்லாத ஆசிரியர், அடுத்தவன் சண்டையிலே சிக்கிக்கொள்ளும் ஆசிரியர்.

கோட்டையின் சாவி

பணியிடத்தை உருவாக்குவது யார்? நீதிமன்றமா? இல்லை, அரசு! வழி உண்டா? உண்டு, நடந்துமிருக்கிறது.

2003ஆம் ஆண்டுக்குப் பின் தமிழகத்திலே ஆசிரியர்களைத் தொகுப்பூதியத்தில் நியமித்தார்கள். இடைநிலை ஆசிரியருக்கு 3,000, பட்டதாரிக்கு 4,000, முதுகலை ஆசிரியருக்கு 4,500 ரூபாய். பின்னர் கலைஞர் தலைமையிலான அரசு, 2006ஆம் ஆண்டு ஜூன் முதல் நாளிலிருந்து அவர்களைக் காலமுறை ஊதியத்துக்குக் கொண்டுவந்தது. நாட்களைப் பாருங்கள்! ஏப்ரல் 10இல் உமாதேவி தீர்ப்பு; ஜூன் முதல் நாளிலிருந்து பணிவரன்முறை. உமாதேவி தீர்ப்பு வழி மறித்ததா? மறிக்கவில்லை. ஏனெனில் அவர்கள் முறைப்படி தேர்வு பெற்றவர்கள். அரசுக்கும் மனம் இருந்தது. அதிலும் ஒரு பாடம் உண்டு: தொகுப்பூதியத்திலே கழித்த காலத்தைப் பணிக்காலத்திலே சேர்க்க வேண்டும் என்று அந்த ஆசிரியர்கள் பல ஆண்டு கேட்டுக்கொண்டிருக்க நேர்ந்தது. ஆகவே, 'நிரந்தரம்' என்று கேட்டால் மட்டும் போதாது; 'எந்த நாளிலிருந்து' என்றும் கேட்க வேண்டும்!

தீர்ப்பு குறுக்கே நின்றால் மக்கள் மன்றம் வழி திறக்கும் என்பதற்கு வரலாறு உண்டு. 1951இல் செண்பகம் துரைராஜன் வழக்கிலே வகுப்புரிமை ஆணை செல்லாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தமிழகம் 'விதி' என்று தலை குனிந்ததா? பெரியார் முழங்கினார், தமிழகம் கொந்தளித்தது, ஏப்ரலில் வந்த தீர்ப்புக்கு ஜூனில் விடை வந்தது. அதுவே அரசியல் சட்டத்தின் முதல் திருத்தம்!

ஆசிரியர் வரலாற்றிலேயே மற்றொரு சான்று. 2004இல், பணிக்கொடைச் சட்டம் ஆசிரியருக்குப் பொருந்தாது என்றது உச்ச நீதிமன்றம். 2009இல் நாடாளுமன்றம் அந்தச் சட்டத்தைத் திருத்தி, 1997ஆம் ஆண்டு முதல் பொருந்தும் என்று முன்தேதியிட்டது. 2022இல் உச்ச நீதிமன்றமும் அந்தத் திருத்தம் செல்லும் என்று ஏற்றுக்கொண்டது. ஆகவே, ஆலைத் தொழிலாளிக்கு 1981இல் ஓர் எண் வழங்கிய சட்டமன்றம், பள்ளி ஆசிரியருக்கும் ஓர் எண் வழங்க முடியும். இத்தனை ஆண்டு முறையாகப் பணியாற்றினால் பணியிடம் உண்டு என்று சட்டம் இயற்றட்டும்! அதுவரையில் அரசாணையாவது பிறக்கட்டும்!

'காத்திருக்கும் இளைஞர் வாயிலே மண்ணா?' என்று கேட்பார்கள். நல்ல கேள்வி. விடை இதுதான்: இவர்களுக்கு வேண்டுவது புதிய பணியிடம், அவர்களுக்குரியது ஏற்கெனவே உள்ள காலியிடம். கல்வி உரிமைச் சட்டத்தின் 26ஆம் பிரிவு, அரசுப் பள்ளியிலே ஒப்பளிக்கப்பட்ட இடங்களில் பத்து விழுக்காட்டுக்கு மேல் காலியாக விடக்கூடாது என்கிறது. அந்தக் காலியிடங்களைத் தற்காலிக நியமனத்தால் மூடி மறைக்காமல், இடஒதுக்கீட்டு முறைப்படி நிரந்தரமாக நிரப்புங்கள். இளைஞனுக்கும் வேலை, இருப்பவருக்கும் வாழ்வு. இருவரையும் மோதவிட்டு வேடிக்கை பார்ப்பது ஆட்சியாளருக்கு எளிது. நமக்கு அந்த வேடிக்கை வேண்டாம்.

தோழர்கள் செய்ய வேண்டியது

கைதட்டிக் கலைந்துபோக இந்தக் கூட்டமில்லை. அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லித் தோழர்களுக்கு நான்கு வேலைகள் சொல்கிறேன்.

முதலாவது, ஏடு. உங்கள் பகுதிப் பள்ளியின் தற்காலிக ஆசிரியரைச் சந்தியுங்கள். நியமன ஆணை, கால அட்டவணை, வருகைப் பதிவு, தலைமையாசிரியர் இட்ட கூடுதல் பணி ஆணை, வங்கிக் கணக்கிலே ஊதியம் வரவான பக்கம் ஆகிய அனைத்தின் படியையும் சேர்த்து வைக்கச் சொல்லுங்கள். வழக்கிலே வெல்வது கண்ணீரல்ல, காகிதம்!

இரண்டாவது, கணக்கு. தகவல் உரிமைச் சட்டத்தின்படி மனுச் செய்யுங்கள். இந்தப் பள்ளியிலே ஒப்பளித்த இடம் எத்தனை? காலி எத்தனை? எந்த நாள் முதல் காலி? மூன்றே கேள்வி.

மூன்றாவது, பெற்றோர். பள்ளி மேலாண்மைக் குழுவிலே பெற்றோர் இருக்கிறார்கள். அவர்களிடம் பேசுங்கள். ஓவிய வகுப்பும் விளையாட்டு வகுப்பும் பிச்சையல்ல, பிள்ளையின் உரிமை என்று விளக்குங்கள். பணக்காரப் பள்ளியிலே நீச்சல் குளமும் இசை அரங்கும். ஏழைப்பிள்ளைக்கு வாரத்திலே மூன்று அரைநாள்! அதைக் கற்பிப்பவருக்கும் அரை வாழ்வு!

நான்காவது, வேட்பாளர். எந்தக் கட்சியின் வேட்பாளர் வந்தாலும், நம் கட்சியின் வேட்பாளரே வந்தாலும், 'நிரந்தரம் செய்வோம்' என்ற சொல்லோடு விட்டுவிடாதீர்கள். எத்தனை பணியிடம்? எந்த ஆணையால்? எந்த நாளிலிருந்து? மூன்றுக்கும் விடை கேளுங்கள். வாக்குறுதிக்கு எண்ணிடுவது எளிது. எண்ணிட்டதை நிறைவேற்றுவதுதான் ஆட்சி. கொடுத்த சொல்லைக் காப்பாற்று என்று தன் கட்சியையே கேட்கும் துணிவு இல்லாத தொண்டன், எதிர்க்கட்சியைக் கேட்கும் தகுதியை இழந்துவிடுகிறான்.

தோழர்களே! பண்டைய ரோமாபுரியிலே செல்வர் வீட்டுப் பிள்ளையைப் பள்ளிக்கு அழைத்துச் செல்பவன் அடிமை. சில வீடுகளிலே கற்பித்தவனும் அடிமையே. அறிவு தந்தவனுக்கு விடுதலை இல்லை! அந்த ரோமாபுரி அழிந்தது. நாம் ஆள்வோரிடம் கேட்பது அரண்மனையல்ல. பன்னிரண்டு மாத ஊதியம். செய்த வேலைக்குரிய விகிதம். நாளையும் பள்ளிக்குப் போகலாம் என்ற உறுதி. இவ்வளவே! ஊதியத்தைச் சட்டம் ஒப்புக்கொண்டுவிட்டது, வாங்கித் தருவோம். நிரந்தரத்தைச் சட்டமன்றம் தரவேண்டும், தரச் செய்வோம்.

பள்ளி நிரந்தரம். பாடம் நிரந்தரம். பிள்ளைகள் ஆண்டுதோறும் வந்துகொண்டே இருப்பார்கள். ஆசிரியரை மட்டும் தற்காலிகம் என்று எழுதும் பேனாவை மாற்றி எழுத வைக்கும் வலிமை, இந்தக் கூட்டத்துக்கு உண்டு என்று நம்பி, விடைபெறுகிறேன்.